குடும்ப வன்முறை: பக்கத்தில் நிற்பவர்கள் அடிக்கடி கேட்கும் கேள்விகள்

தோழி, அக்கா, கூட வேலை பார்ப்பவள், மேல் வீட்டுப் பெண். இவர்களில் யாரோ ஒருத்தி வீட்டுக்குள் அடிவாங்குகிறாள் என்று உங்களுக்குத் தெரிந்துவிட்டது. என்ன செய்வதென்றுதான் தெரியவில்லை. அந்த இடத்தில் நிற்பவர்கள் திரும்பத் திரும்பக் கேட்கும் கேள்விகளுக்கு, எனக்குத் தெரிந்த பதில்கள் இவை.

அடிவாங்குகிற பெண்ணே இதைப் படிக்கிறீர்கள் என்றால், முதலில் ஒரு சின்ன விஷயம். படித்து முடித்ததும் பிரவுசர் ஹிஸ்டரியில் இதை மட்டும் அழியுங்கள். மொத்தமாகத் துடைத்துவிட்டால், "எதை மறைக்கிற?" என்று அதுவே ஒரு சண்டையாகிவிடும்.

அவர் ஒருநாளும் கை நீட்டியதில்லை. அடி இல்லாமல் வன்முறை என்று எப்படிச் சொல்வது?

எனக்குத் தெரிந்த ஒரு பெண், கடைக்குப் போய்வந்தால் ரசீதை மேசைமேல் வைக்க வேண்டும். ரசீதில் நேரம் அச்சாகியிருக்கும் அல்லவா? கடையிலிருந்து வீட்டுக்கு 12 நிமிடம். 20 நிமிடம் ஆகிவிட்டால், மீதி 8 நிமிடம் எங்கே போனது, யாரைப் பார்த்தாய் என்று விசாரணை நடக்கும். ராத்திரி 2 மணிக்கு எழுப்பி வைத்துக்கூடக் கேட்பார். பத்து வருடத்தில் ஒரு அடி விழவில்லை. ஆனால் அந்தப் பெண் கடைக்குள் ஓடி ஓடிச் சாமான் எடுப்பதைப் பார்த்தவர்களுக்கு, வன்முறை என்றால் என்ன என்று விளக்கிச் சொல்லத் தேவையில்லை.

சம்பளத்தைப் பிடுங்கிக்கொள்வது, அம்மாவீட்டோடு பேசவிடாமல் செய்வது, போனைச் சோதிப்பது, வேலையை விடவைப்பது, விருப்பமில்லாத உடலுறவுக்குக் கட்டாயப்படுத்துவது, "நீ போனா நான் செத்துடுவேன்" என்று மிரட்டுவது எல்லாமே இதில் சேரும். 1984-இல் அமெரிக்காவின் டுலூத் என்ற ஊரில், அடிவாங்கிய பெண்களிடம் பேசி அவர்கள் சொன்னதை ஒரு சக்கரமாக வரைந்தார்கள். சக்கரத்தின் நடுவில் இருப்பது அடி இல்லை, அதிகாரமும் கட்டுப்பாடும்தான். அடி, சக்கரத்தைச் சுற்றிப் போட்ட விளிம்பு. இங்கிலாந்திலும் வேல்ஸிலும் 2015 முதல், துணையை இப்படித் தொடர்ந்து கட்டுப்படுத்துவது மட்டுமே 5 ஆண்டு வரை சிறைத்தண்டனைக்குரிய குற்றம்.

எல்லா வீட்டிலும்தான் சண்டை வருகிறது. வித்தியாசம் எப்படித் தெரியும்?

பயம் யார் பக்கம் இருக்கிறது என்று பாருங்கள். சாதாரணச் சண்டையில் இரண்டு பேரும் கத்துவார்கள், இரண்டு பேரும் முகத்தைத் தூக்கி வைத்துக்கொள்வார்கள், இரண்டு பேரும் சமாதானத்துக்கு வருவார்கள். இங்கே ஒருத்தர் மட்டும், பேசுவதற்கு முன்னால் மற்றவர் முகத்தைப் பார்ப்பார். வாசலில் வண்டிச் சத்தம் கேட்டதும் குரல் இறங்கிவிடும். "அவருக்குப் பிடிக்காது" என்பது ஒரு நாளில் எத்தனை முறை வருகிறது என்று எண்ணிப் பாருங்கள்.

இது அங்கொன்றும் இங்கொன்றுமாக நடப்பதுதானே?

இல்லை. உலக சுகாதார நிறுவனம் 2021-இல் வெளியிட்ட கணக்கின்படி, துணையோடு வாழ்ந்திருக்கும் 15 முதல் 49 வயதுப் பெண்களில் 27 சதவீதம் பேர், அந்தத் துணையிடமே ஒருமுறையாவது உடல்ரீதியான அல்லது பாலியல் வன்முறையைச் சந்தித்திருக்கிறார்கள். திட்டும் மிரட்டலும் பணக்கட்டுப்பாடும் இந்தக் கணக்கில் வரவேயில்லை. படித்தவள், சம்பாதிப்பவள், தைரியசாலி என்று பெயரெடுத்தவள் எல்லோரும் இதில் உண்டு.

குடிதானே காரணம்? குடிக்காத நாளில் தங்கமான மனுஷன்.

குடி அடியைப் பலமாக்கும், அடிக்கடி நடக்கவைக்கும். அது உண்மை. ஆனால் போதை தலைக்கேறியவனும் தெருவில் போலீஸைப் பார்த்தால் "சார்" என்றுதான் சொல்கிறான். வீட்டுக்கு வந்ததும் கதவைச் சாத்திவிட்டுத்தான் கை ஓங்குகிறான். முகத்தில் அடித்தால் நாலு பேர் கேட்பார்கள் என்று முதுகிலும் மேல் கையிலும் அடிக்கிறான். இவ்வளவு நிதானம் இருப்பவன் தன்னை மறந்து அடித்தான் என்பதை நான் ஒப்புக்கொள்ள மாட்டேன். குடியை நிறுத்திய பிறகும் அடி நிற்காத வீடுகள் நிறைய உண்டு. இரண்டு பிரச்சினைக்கும் தனித்தனியாக வைத்தியம் வேண்டும்.

இவ்வளவு நடந்தும் அவள் ஏன் அங்கேயே இருக்கிறாள்?

இதைக் கேட்காத ஆளே இல்லை. கேள்வியில் தப்பில்லை, அவளிடமே கேட்பதுதான் தப்பு. "இன்னும் அங்க என்ன பண்ற?" என்பது அவள் காதில், "உன்மேலதான் தப்பு" என்று விழும்.

பதில் ஒன்று இல்லை, பல. எல்லோரும் முதலில் சொல்வது பணம். அவள் பெயரில் வங்கிக் கணக்கு இருக்கலாம், ஏடிஎம் கார்டு யாரிடம் இருக்கிறது என்பதுதான் விஷயம். அப்புறம் பிள்ளைகள். "நீ போ, பிள்ளைங்க எங்கிட்டதான்" என்ற ஒரு வாக்கியம் போதும், பல வருடத்துக்குக் கட்டிப்போட. நாலு பேர் என்ன சொல்வார்கள் என்ற பயம் வேறு. "கொஞ்சம் அனுசரிச்சுப் போம்மா" என்று பெற்றவர்களே திருப்பி அனுப்பியிருந்தால், இரண்டாவது முறை அந்தக் கதவைத் தட்ட மனம் வராது.

இன்னொன்று உண்டு. அவன் எல்லா நாளும் அடிப்பதில்லை. அடித்த மறுநாள் காலில் விழுகிறான், அழுகிறான், கல்யாணமான புதிதில் இருந்தவன் மாதிரியே ஆகிவிடுகிறான். இறுக்கம் கூடுவது, வெடிப்பது, கெஞ்சுவது என்ற இந்தச் சுழற்சியை உளவியலாளர் லெனோர் வாக்கர் 1979-இல் விவரித்தார். எல்லா வீட்டிலும் இப்படி வரிசையாக நடக்கும் என்றில்லை. பல வீடுகளில் கெஞ்சுகிற கட்டமே வராது. வருகிற வீட்டில், அவள் காத்திருப்பது அந்த நல்லவனுக்காகத்தான். அவனையும் அவள் பார்த்திருக்கிறாளே, அது கற்பனை இல்லையே.

கடைசியாக, வெளியிலிருந்து பார்க்கிற நமக்குத் தோன்றாத காரணம்: கிளம்புவதுதான் மிக ஆபத்தான நேரம். பிடி நழுவுகிறது என்று தெரிந்ததும் அவன் எந்த எல்லைக்கும் போகலாம். "போனால் கொன்றுவிடுவான்" என்று அவள் சொன்னால், அது பயந்த மனதின் மிகைப்படுத்தல் என்று தள்ளிவிடாதீர்கள். அவனை உங்களைவிட அவளுக்கு நன்றாகத் தெரியும்.

எனக்குச் சந்தேகம்தான். எப்படிப் பேச்சை ஆரம்பிப்பது?

தனியாக, நேரில். வாட்ஸ்அப்பில் வேண்டாம், அதை யார் படிக்கிறார்கள் என்று தெரியாது. போனில் பேசினால், "ம்... சரி... அப்புறம் பேசுறேன்" என்று அவள் ஒற்றை வார்த்தையில் பதில் சொல்கிறாளா என்று கவனியுங்கள். பக்கத்தில் ஆள் இருக்கிறது, ஸ்பீக்கரில் போட்டிருக்கிறது என்று அர்த்தம். உடனே வேறு ஏதாவது சாதாரண விஷயத்துக்கு மாறி, முடித்துக்கொள்ளுங்கள்.

நேரில் பார்க்கும்போது, "உன் புருஷன் அடிக்கிறானா?" என்று நேரடியாக இறங்க வேண்டாம். பார்த்ததைச் சொல்லுங்கள். "போன தடவை வந்தப்போ, அவர் போன் வந்ததும் நீ பதறிப்போய்க் கிளம்பின. எனக்கு அது மனசுலயே நிக்குது. வீட்ல எல்லாம் சரியா இருக்கா?" அவள் "ஒண்ணுமில்லையே" என்பாள். பெரும்பாலும் அப்படித்தான் சொல்வாள். வற்புறுத்தாதீர்கள். "சரி. எப்பவாவது பேசணும்னா நான் இருக்கேன், யார்கிட்டயும் போகாது" என்று விட்டுவிடுங்கள். அந்த வார்த்தை அவளுக்குப் பயன்பட ஆறு மாதம் ஆகலாம்.

சொல்ல ஆரம்பித்துவிட்டாள். நான் என்ன சொல்ல வேண்டும்?

ரொம்பக் கொஞ்சம். "நான் நம்புறேன்." "இது உன் தப்பு இல்லை." "இப்ப நான் என்ன செஞ்சா உனக்கு உதவியா இருக்கும்?" இந்த மூன்றும் போதும்.

நீங்கள் ஏதாவது செய்தே ஆக வேண்டும் என்று கொதிப்பீர்கள். புரிகிறது. ஆனால் "இன்னைக்கே பெட்டியைக் கட்டு", "நான் போய் அவனை நாலு வார்த்தை கேக்குறேன்" என்று கிளம்பினால் என்ன ஆகும்? நீங்கள் கேட்டுவிட்டு உங்கள் வீட்டுக்குப் போய்விடுவீர்கள். அவள் அந்த ராத்திரி அவனோடு ஒரே கூரைக்குள் இருக்க வேண்டும்.

இன்னொரு கோணமும் இருக்கிறது. எப்போது எங்கே போவது, யாரிடம் பேசுவது என்று அவளுக்காக முடிவெடுத்தது இத்தனை நாள் அவன். இப்போது நீங்களும் முடிவெடுக்க ஆரம்பித்தால், நல்ல எண்ணத்தோடேயானாலும், அவளுக்கு அதிகாரி மாறியிருக்கிறார், அவ்வளவுதான். வழிகளைச் சொல்லுங்கள், தேர்ந்தெடுப்பது அவள். அவள் தேர்ந்தெடுப்பது உங்களுக்குப் பிடிக்காமல் போகலாம். அதைத் தாங்கிக்கொள்வதுதான் இந்த வேலையிலேயே கஷ்டமான பகுதி.

அவனைத் திட்டுவதையும் கொஞ்சம் அடக்கிக்கொள்ளுங்கள். நாளைக்கு அவன்மேல் அவளுக்குப் பாசம் பொங்கும்போது, அவனை "மிருகம்" என்று சொன்ன உங்கள் முன்னால் வந்து நிற்க வெட்கப்படுவாள். செய்ததைத் திட்டலாம், ஆளைத் திட்ட வேண்டாம்.

உயிருக்கே ஆபத்து என்று எந்த அறிகுறியை வைத்துச் சொல்வது?

எல்லாவற்றிலும் முக்கியமானது கழுத்து. அவன் எப்போதாவது கழுத்தை நெரித்திருக்கிறானா என்று கேளுங்கள். "நெரிப்பது" என்ற சொல்லுக்கு "இல்லை" என்பாள், "கழுத்துல கை வைச்சிருக்காரா, மூச்சு முட்டுற மாதிரி?" என்று கேட்டால் "அது... ரெண்டு மூணு தடவை" என்பாள். ஒருமுறை இப்படி நெரிக்கப்பட்ட பெண், பின்னாளில் அதே ஆளால் கொல்லப்படும் வாய்ப்பு ஏழு மடங்குக்கு மேல் என்று 2008-இல் வெளியான அமெரிக்க ஆய்வு ஒன்று காட்டியது. வெளியில் தடயமே இல்லாமல் உள்ளே ரத்தக்குழாய் கிழிந்து, சில நாள் கழித்துப் பக்கவாதம் வரவும் கூடும். குரல் கம்மியது, விழுங்கக் கஷ்டம், கண்ணில் சிவப்புப் புள்ளி, நெரித்தபோது நினைவு தப்பியது என்று எது இருந்தாலும் உடனே மருத்துவமனை. ஒன்றுமே இல்லாவிட்டாலும், சமீபத்தில் நடந்தது என்றால் டாக்டரைப் பார்ப்பது நல்லது.

வீட்டில் துப்பாக்கி அல்லது வேறு ஆயுதம், கொன்றுவிடுவேன் அல்லது தற்கொலை செய்துகொள்வேன் என்ற மிரட்டல், கர்ப்ப காலத்தில் அடி, பின்தொடர்வது, அளவுமீறிய சந்தேகம், அண்மைக்காலமாக அடி அடிக்கடியும் கடுமையாகவும் ஆவது, சமீபத்திய பிரிவு. இவையும் அபாய மணிகள். 2023-இல் உலகம் முழுக்க சுமார் 51,100 பெண்களும் சிறுமிகளும் துணையாலோ குடும்பத்தாராலோ கொல்லப்பட்டார்கள் என்பது ஐநாவின் மதிப்பீடு. ஒரு நாளைக்கு 140 பேர்.

கிளம்புவதென்று முடிவு செய்துவிட்டாள். என்னென்ன தயார் செய்ய வேண்டும்?

சத்தமில்லாமல் செய்ய வேண்டும், அதுதான் முதல் விதி. "நான் போகப்போறேன்" என்று அவனிடம் அறிவித்துவிட்டுக் கிளம்பக் கூடாது. கோபத்தில் வாய் தவறுவதுதான் இதில் பெரிய அபாயம்.

அடையாள அட்டைகள், பிள்ளைகளின் பிறப்புச் சான்றிதழ், படிப்புச் சான்றிதழ்கள், பாஸ்போர்ட், வங்கிக் காகிதங்கள், தினமும் எடுக்கும் மாத்திரை, ஒரு சாவி. அசலை எடுத்தால் கண்டுபிடித்துவிடுவான் என்றால் இப்போதைக்குப் படம் எடுத்து உங்களிடம் தரட்டும். துணிப்பை ஒன்று உங்கள் வீட்டில் இருக்கட்டும். ஒரு ரகசிய வார்த்தை வைத்துக்கொள்ளுங்கள்: "அந்தப் பச்சைப் பை உன்கிட்ட இருக்கா?" என்று மெசேஜ் வந்தால் போலீஸைக் கூப்பிடு என்று அர்த்தம், இப்படி. சண்டை ஆரம்பிக்கும்போது சமையலறை, குளியலறை பக்கம் ஒதுங்காமல், வெளிக்கதவு இருக்கிற பக்கம் நகர்வது நல்லது. சமையலறையில் கத்தி இருக்கிறது. குளியலறைக்கு வேறு வழி இல்லை.

காயங்களைப் படம் எடுத்து, தேதியோடு குறித்து, வேறொருவரிடம் கொடுத்து வைக்கட்டும். டாக்டரிடம் "படியில் விழுந்துவிட்டேன்" என்று சொல்லாமல் நடந்ததைச் சொன்னால், அந்தச் சீட்டு பின்னால் நீதிமன்றத்தில் பேசும்.

போன் வழியாகக் கண்காணிக்கிறான் என்று நினைக்கிறோம். எல்லாவற்றையும் மாற்றிவிடலாமா?

அவசரப்பட வேண்டாம். லொக்கேஷனை அணைத்த அடுத்த நிமிடமே அவனுக்குத் தெரிந்துவிடும். பழைய போன் பழையபடி இருக்கட்டும். முக்கியமான பேச்சுக்கெல்லாம் உங்கள் போனையோ, அவன் தொடாத வேறொரு போனையோ பயன்படுத்தட்டும். புது மின்னஞ்சல் ஒன்றை அதில் தொடங்கலாம். வெளியே வந்த பிறகு பாஸ்வேர்டு எல்லாம் மாற்ற வேண்டும். பிள்ளைகளின் டேப்லெட்டை மறந்துவிடுவார்கள், அதே கணக்கு அதிலும் ஓடிக்கொண்டிருக்கும்.

பெரியவர்களை வைத்துப் பேசிப் பார்த்தால் என்ன? இல்லை, இருவரையும் கவுன்சலிங் அனுப்பினால்?

இருவரையும் சேர்த்து உட்காரவைத்துப் பேசுவது, இருவருக்கும் சம பலம் இருக்கும்போது நடக்கிற காரியம். இங்கே அவள் வாயைத் திறந்தால் வீட்டுக்குப் போனதும் பலன் கிடைக்கும். திறக்காவிட்டால் "அவளே ஒண்ணும் சொல்லலையே" என்று பெரியவர்கள் எழுந்துவிடுவார்கள். அவளுக்குத் தனியாகக் கவுன்சலிங், அவனுக்குத் தனியாக, செய்ததற்குப் பொறுப்பேற்க வைக்கிற பயிற்சி என்றால் சரி. அடி தொடரும்போது சேர்த்து உட்காரவைப்பது எனக்குச் சம்மதமில்லை.

பிள்ளைகளுக்காகவாவது சேர்ந்திருக்கலாமே?

பிள்ளைகள் தூங்குகிறார்கள் என்று நினைக்கிறோம். அவர்கள் போர்வைக்குள் விழித்திருக்கிறார்கள். படுக்கையை நனைப்பது, பள்ளியில் கவனம் போவது, அப்பா வந்ததும் பொம்மையை எடுத்து வைத்துவிட்டு மூலையில் உட்காருவது இதெல்லாம் அதன் கணக்குத்தான். அவர்களிடம் ஒன்று மட்டும் சொல்லிக்கொடுங்கள்: சண்டை நடக்கும்போது நடுவில் வர வேண்டாம், பக்கத்து வீட்டுக்கு ஓடு.

சட்டத்தில் என்ன வழி இருக்கிறது? ஜெயிலுக்கு அனுப்ப அவளுக்கு மனசில்லை.

ஜெயிலுக்கு அனுப்பாமலே பாதுகாப்புக் கேட்கலாம். இது பலருக்குத் தெரியாது. இந்தியாவில் 2005-இல் இயற்றி 2006 அக்டோபர் 26 முதல் நடைமுறையில் இருக்கும் சட்டம், மாஜிஸ்திரேட்டிடம் பாதுகாப்பு உத்தரவு, வீட்டில் தங்கும் உரிமை, பணம், பிள்ளைகளின் தற்காலிகப் பொறுப்பு ஆகியவற்றைக் கேட்க வழி செய்கிறது. இந்தச் சட்டத்தின்படி, உத்தரவை மீறினால்தான் அது குற்றம். சேர்ந்து வாழ்ந்த வீடு மாமியார் மாமனார் பெயரில் இருந்தாலும் தங்கும் உரிமை கேட்கலாம் என்று உச்ச நீதிமன்றம் 2020-இல் சொல்லிவிட்டது. கல்யாணம் ஆகாமல் சேர்ந்து வாழ்பவர்களுக்கும், தாய்க்கும், சகோதரிக்கும் இந்தச் சட்டம் உண்டு. உங்களுக்கு முக்கியமானது: பாதுகாப்பு அதிகாரிக்கு யார் வேண்டுமானாலும் தகவல் கொடுக்கலாம். நல்லெண்ணத்தோடு கொடுத்தவர்மேல் வழக்குப் போட முடியாது.

இலங்கையிலும் 2005-இல் சட்டம் வந்தது; பாதுகாப்புக் கட்டளை 12 மாதம் வரை தரலாம், பொலிஸாரே அவளுக்காக விண்ணப்பிக்கலாம். மலேசியாவில் 1994-இல் இயற்றிய சட்டம் 1996 முதல் நடைமுறையில் இருக்கிறது. 2017 திருத்தத்துக்குப் பிறகு, சமூகநல அதிகாரியே 7 நாள் அவசரப் பாதுகாப்பு உத்தரவு தர முடியும். உதவி எண்கள்: இந்தியாவில் 181, இலங்கையில் 1938, மலேசியாவில் 15999. அவளுக்குப் பேச வாய்ப்பில்லை என்றால் நீங்களே கூப்பிட்டு விசாரித்து வைக்கலாம்.

பக்கத்து வீட்டில் இப்போதே அலறல் கேட்கிறது.

போலீஸைக் கூப்பிடுங்கள். அது வருவதற்குள், ஆபத்தில்லை என்று தோன்றினால், காலிங்பெல் அடித்து ஏதாவது அற்பமான விஷயம் கேளுங்கள். தண்ணீர் வருகிறதா, கரண்ட் இருக்கிறதா, எதுவானாலும் சரி. ஒரு நிமிடம் கை நின்றால் அதுவே பெரிது. தனியாகப் போகாதீர்கள், உள்ளே நுழையாதீர்கள். "புருஷன் பொண்டாட்டி விவகாரம், நமக்கெதுக்கு" என்று டிவி சத்தத்தைக் கூட்டிய வீடுகள் எல்லாத் தெருவிலும் உண்டு.

அடிப்பவன் என் சொந்தத் தம்பி. நான் யார் பக்கம் நிற்பது?

உங்களால்தான் சில விஷயம் செய்ய முடியும். "நீ செய்யறது எனக்குத் தெரியும். அதுக்கு நான் சாக்குச் சொல்ல மாட்டேன்" என்று அவன் முகத்துக்கு நேரே சொல்லலாம். ஆனால் அவளிடம் கேட்காமல் சொல்லாதீர்கள்; அவள்தான் உங்களிடம் வத்தி வைத்தாள் என்று அவள்மேல் பாய்வான். தம்பியைக் கைவிட வேண்டும் என்று நான் சொல்லவில்லை. அவன் மாற விரும்பினால் கூட நில்லுங்கள். நீதிமன்றத்தில் "அவன் அப்படிப்பட்டவன் இல்லை" என்று மட்டும் சொல்லிவிடாதீர்கள்.

இவ்வளவு பாடுபட்டு வெளியே கொண்டுவந்தோம். மறுபடி அவனிடமே போய்விட்டாள்.

கோபம் வரும். ஏமாந்த மாதிரி இருக்கும். அதை இன்னொருவரிடம் கொட்டுங்கள், அவளிடம் வேண்டாம். ஒரேமுறையில் கிளம்பிவிட்டவர்கள் குறைவு. ஒவ்வொரு முறையும் ஏதோ ஒன்றைத் தெரிந்துகொண்டுதான் போகிறாள்: காப்பகம் எங்கே இருக்கிறது, எந்த அதிகாரி காது கொடுத்துக் கேட்பார், நீங்கள் கதவைத் திறப்பீர்களா என்று. துணிப்பையைத் திருப்பிக் கொடுத்துவிடாதீர்கள், உங்கள் அலமாரியிலேயே இருக்கட்டும்.

வெளியே வந்து ஒரு வருடம் ஆகிறது. ஆனால் அவனை நினைத்து அழுகிறாள். இது சரியா?

அடித்தவனுக்காக அழவில்லை, நம்பியவனுக்காக அழுகிறாள் என்று வைத்துக்கொள்ளுங்கள். "இன்னுமா அவன் நினைப்பு?" என்று கேட்காமல் இருந்தால் போதும். பாத்திரம் விழுந்தால் திடுக்கிடுவாள், ராத்திரி தூக்கம் வராது, வழக்குத் தேதி நெருங்கினால் காய்ச்சலே வரும். மாதக்கணக்கில் குறையவில்லை என்றால் மனநல மருத்துவரிடம் அழைத்துப் போகலாம். பல பேர் முதல் வாரம் சூழ்ந்துகொண்டு, மூன்றாவது மாதம் காணாமல் போய்விடுகிறார்கள். அவளுக்கு ஆள் தேவைப்படுவது மூன்றாவது மாதத்தில்தான்: நீதிமன்ற வாசலில் மூன்று மணி நேரம் கூட உட்கார, பிள்ளையைப் பள்ளியில் விட, ஒன்றுமே பேசாமல் கடைக்குக் கூடப் போக.

முதலில் சொன்னேனே, ரசீது வைத்த பெண். இப்போது தனியாக இருக்கிறார். ஒருநாள் அவரோடு கடைக்குப் போயிருந்தேன். சாமான் எடுத்து முடிந்துவிட்டது. பிறகும் சோப்பு அடுக்கியிருந்த இடத்தில் நின்று, ஒவ்வொன்றாக எடுத்து முகர்ந்து பார்த்துக்கொண்டே இருந்தார். நான் கடிகாரத்தைப் பார்க்கவில்லை.